நிஜின்ஸ்கியின் தங்கை

நிஜின்ஸ்கி என்ற பெயரைச் சிற்றிதழ் வாசகர்கள் எங்கேனும் ஓரிடத்தில் கடந்து வந்திருப்பார்கள். மேடையில் தாவி எழுந்தால் சற்று நேரம் காற்றிலேயே தங்கிவிட்டுத்தான் இறங்குவார் என்று, பார்த்தவர்கள் வியந்து எழுதிவைத்த ருஷ்ய நடனக் கலைஞர். நாங்கள் அவரை அறிந்தது நடனத்தின் வழியாக அல்ல, அவருடைய நாட்குறிப்பின் வழியாக. 1919-ஆம் ஆண்டின் தொடக்கத்தில், மனம் சிதையத் தொடங்கியிருந்த சில வாரங்களில், ஸ்விட்சர்லாந்தின் மலையூர் ஒன்றில் இருந்துகொண்டு எழுதியது. இலக்கியம் படிக்கிறவர்களுக்கு இத்தகைய நூல்களின் மீது ஒரு தனி ஈர்ப்பு உண்டு. பித்தும் மேதைமையும் ஒரே உடலில் குடியிருந்ததாகச் சொல்லும் கதைகளை நாம் எளிதில் விட்டுவிடுவதில்லை.

அந்த நாட்குறிப்பின் பின்னணியைத் தேடிப் படித்துக்கொண்டு போனபோது இன்னொரு பெயர் அடிக்கடி தட்டுப்பட்டது. ஒத்திகைக்கு உடல் தந்தவர், சண்டையில் பக்கம் நின்றவர், நோயுற்ற பிறகு தேடி வந்தவர் என்று எப்போதும் ஒரு துணைவினையைப் போலவே வரும் பெயர்: தங்கை ப்ரோனிஸ்லாவா. அவரே அறுபதுக்கும் மேற்பட்ட பாலேக்களை அமைத்தவர் என்பதும், அவற்றுள் ஒன்று இருபதாம் நூற்றாண்டின் மகத்தான நடனப் படைப்புகளுள் வைத்து எண்ணப்படுகிறது என்பதும் அண்ணனைப் பற்றிய நூல்களில் ஓரிரு வரிகளில் முடிந்துவிடுகின்றன. இந்தக் கட்டுரை அந்தத் தங்கையைப் பற்றியது. எங்கள் நால்வரில் எவரும் நடனம் பயின்றவர் அல்லர். புத்தகம் படிக்கிறவர்கள், ஒளித்தட்டில் பார்த்தவர்கள். இதை ஒரு வாசகப் பார்வையாகவே கொள்ள வேண்டும்.

ப்ரோனிஸ்லாவா நிஜின்ஸ்கா (பெண்பாலுக்கான ஈறு அப்படி மாறுகிறது) 1891 ஜனவரியில் மின்ஸ்க் நகரில் பிறந்தார். பெற்றோர் இருவரும் போலந்துக்காரர்கள். ருஷ்யப் பேரரசின் ஊர் ஊராகச் சென்று ஆடிய நடனக் கலைஞர்கள். தந்தை குடும்பத்தைவிட்டு வேறொரு பெண்ணோடு போய்விட, தாய் எலியோனோரா மூன்று பிள்ளைகளோடு பீட்டர்ஸ்பர்க்கில் தங்கினார். மூத்தவனான ஸ்தானிஸ்லாவ் சிறுவயதில் மாடிச் சன்னலிலிருந்து விழுந்தவன்; அவனுடைய மனநிலை பின்னர் சீராகவில்லை. இளைய இருவரையும் பேரரசின் நாடகப் பள்ளியில் சேர்த்துவிட்டால் சோற்றுக்கும் துணிக்கும் கவலையில்லை, பின்னால் அரங்கில் வேலையும் ஓய்வூதியமும் உறுதி என்பது அந்தத் தாயின் கணக்கு. கலைத்தாகம் என்று நாம் எழுதித் தள்ளுகிற பலவற்றின் அடியில் இப்படி ஒரு வீட்டுக்கணக்கு கிடப்பதைப் பார்த்திருக்கிறோம். அண்ணன் வாஸ்லாவ் 1898-இலும் தங்கை 1900-இலும் பள்ளியில் சேர்ந்தார்கள். 1908-இல் தேர்ச்சி பெற்று மரின்ஸ்கி அரங்கில் பணியேற்ற ப்ரோனிஸ்லாவா, அடுத்த ஆண்டே அண்ணனோடு பாரிசுக்குப் போனார்.

அழைத்துச் சென்றவர் செர்கெய் டியாகிலெவ். ஆடத் தெரியாது, வரையத் தெரியாது, இசையமைக்கத் தெரியாது. யார் யாரை ஒரே அறையில் உட்கார வைத்தால் என்ன நடக்கும் என்பது மட்டும் அவருக்குத் தெரிந்திருந்தது. 1909 முதல் 1929-இல் அவர் இறக்கும்வரை ஐரோப்பாவில் சுற்றிவந்த அவருடைய ருஷ்ய பாலேக் குழுவுக்குச் சொந்தமாக ஓர் அரங்கம்கூடக் கிடையாது. ஆனால் அந்தக் காலத்தின் இசையும் ஓவியமும் அதன் வழியாகத்தான் மேடைக்கு வந்தன.

1911 ஜனவரியில் மரின்ஸ்கி அரங்கில் ஒரு தகராறு. 'ஜிஸெல்' பாலேயில் அண்ணன் அணிந்த உடை ஒழுக்கக்கேடானது என்று சொல்லி அவரைப் பணிநீக்கம் செய்தார்கள். தங்கையும் வேலையை விட்டார். உடையைப் பற்றிய புகார் அவர்மீது எதுவும் இல்லை. பேரரசின் கலைஞர் என்ற பட்டமும், தாய் அத்தனை பாடுபட்டுக் கணக்கிட்டுவைத்த ஓய்வூதியமும் அந்த ஒரு முடிவில் போயின. அப்போது அவருக்கு வயது 20. அண்ணனைப் பற்றிய நூல்கள் இதைப் பாசத்தின் சான்றாகவே சொல்கின்றன. எங்களுக்கு அது போதுமான விளக்கமாகத் தோன்றவில்லை. எந்தப் பக்கம் புதிய நடனம் நடக்கிறதோ அந்தப் பக்கம் போகிற ஒரு பிடிவாதம் அவருடைய வாழ்வு முழுவதும் தொடர்கிறது. அதன் முதல் தடயம் இதுவாகவும் இருக்கலாம்.

இதே குளிர்காலத்தில்தான் இன்னொன்றும் நடந்தது. வாஸ்லாவ் தன்னுடைய முதல் நடனத்தை அமைக்கத் தொடங்கியிருந்தார். டெபுஸியின் இசைக்கு அமைந்த 'ஒரு வனதேவனின் பிற்பகல்' என்ற அந்தப் படைப்பு 1912 மே மாதம் பாரிஸில் அரங்கேறிப் பெரும் அமளியைக் கிளப்பியது. அது உருவான இடமோ பீட்டர்ஸ்பர்க்கில் தாயுடன் அவர்கள் வசித்த வீட்டின் கூடம். கண்ணாடி முன்னால் தங்கையை நிறுத்திவைத்து, கையை இப்படித் திருப்பு, தலையை அப்படி வை, கால் முழுவதும் தரையில் பதியட்டும் என்று அண்ணன் மாதக்கணக்கில் தேடினார். வனதேவனும் அவளே, தேவதைகளும் அவளே. எழுத்தாளன் தாளில் எழுதி, அடித்து, மீண்டும் எழுதுகிறான். நடனம் அமைப்பவனுக்குத் தாள் இன்னோர் உடல். நவீன நடனத்தின் தொடக்கங்களில் ஒன்றாகச் சொல்லப்படும் ஒரு படைப்பின் முதல் வரைவு முழுவதும் ஒரு பெண்ணின் மூட்டுகளிலும் கழுத்திலும் எழுதி அழிக்கப்பட்டது. எழுதப்பட்ட அந்த உடலுக்கும் ஒரு மூளை இருந்தது, அது எல்லாவற்றையும் கவனித்துக்கொண்டிருந்தது.

'வசந்தச் சடங்கு' வந்தபோதும் அப்படித்தான். ஸ்ட்ராவின்ஸ்கியின் அந்த இசையில், பலியாகத் தேர்ந்தெடுக்கப்பட்ட கன்னி ஆடி ஆடியே மடியும் இறுதி நடனத்தை அண்ணன் தங்கையின் உடலில்தான் அமைத்தார். ஆனால் 1912-இல் திருமணமாகியிருந்த ப்ரோனிஸ்லாவா கருவுற்றார். அந்தச் செய்தியைக் கேட்டு வாஸ்லாவ் கொதித்துப்போனார், தங்கையின் கணவர் மீது பாய்ந்தார் என்பதை அவரே பின்னாளில் எழுதியிருக்கிறார். 1913 மே 29 அன்று, கூச்சலும் கைகலப்புமாக வரலாற்றில் இடம்பெற்றுவிட்ட அந்த இரவில், அந்த நடனத்தை மரியா பில்ட்ஸ் என்ற வேறொருவர் ஆடினார். அக்டோபரில் மகள் இரினா பிறந்தாள். இதற்குள் அண்ணன் தென்னமெரிக்கப் பயணத்தில் திருமணம் செய்துகொண்டு, அதன் விளைவாக டியாகிலெவால் வெளியேற்றப்பட்டிருந்தார். 1914-இல் லண்டனில் சொந்தக் குழு தொடங்கும் அவருடைய முயற்சிக்குத் தங்கைதான் தோள்கொடுத்தார். அது சில வாரங்களில் கவிழ்ந்தது. பிறகு போர் வந்து இருவரையும் ஐரோப்பாவின் இரு வேறு மூலைகளில் அடைத்துவிட்டது.

அடைபட்ட அந்த ஆண்டுகள்தாம் எங்களுக்கு மிக முக்கியமானவையாகத் தெரிகின்றன. ப்ரோனிஸ்லாவா கணவரோடு கீவ் நகரத்துக்குப் போனார். புரட்சி, உள்நாட்டுப் போர், மாறிமாறி நகரைப் பிடித்த படைகள். 1919 ஜனவரியில் மகன் லியோன் பிறந்தான். அடுத்த சில வாரங்களில், இரண்டு குழந்தைகளையும் வயதான தாயையும் வைத்துக்கொண்டு, 'இயக்கப் பள்ளி' என்று ஒன்றைத் தொடங்கினார். கணவர் கூட இல்லை. கீவில் அப்போது ஓவியர் அலெக்ஸாந்த்ரா எக்ஸ்தெரைச் சுற்றிப் புதிய ஓவியமும் புதிய நாடகமும் கொதித்துக்கொண்டிருந்தன. அந்தச் சூட்டில் நிஜின்ஸ்கா தன்னுடைய கோட்பாட்டை எழுதினார். அதன் சாரம் எளிமையானது: ஓவியனுக்கு வண்ணம்போல, இசைக்கலைஞனுக்கு ஒலிபோல, நடனத்துக்கு இயக்கமே மூலப்பொருள். அழகான ஒரு நிலையிலிருந்து அழகான இன்னொரு நிலைக்குப் போவதல்ல நடனம். அந்த இரண்டுக்கும் இடையே நடப்பதுதான். பழைய பள்ளி, நிலைகளைக் கற்றுக்கொடுத்துவிட்டு இடைவழியை மாணவனிடம் விட்டுவிடுகிறது என்பது அவருடைய குற்றச்சாட்டு. இதைச் சொன்னவர் பழைய பள்ளியின் பயிற்சியில் கரைகண்டவர் என்பதால் இதற்கு ஒரு கனம் கூடுகிறது. பாலேவைத் தூக்கி எறியச் சொன்னவர்கள் அந்தக் காலத்தில் பலர். இவர் எறியச் சொல்லவில்லை.

ரொட்டிக்கே வழியில்லாத ஒரு நகரத்தில், கதையே இல்லாத நடனங்களை அவர் அந்த மாணவர்களைக் கொண்டு அமைத்தார். அவற்றுள் எதுவும் இன்று இல்லை. (அங்கே கற்றவர்களில் செர்ஜ் லிஃபார் பின்னாளில் பாரிஸ் ஓபராவின் பாலேவை நடத்தினார்.) 1921-இல், அண்ணன் நோயுற்றிருக்கிறார் என்ற செய்தி கிடைத்திருந்த நிலையில், தாயையும் குழந்தைகளையும் அழைத்துக்கொண்டு, எல்லையைத் தாண்டிப் போலந்து வழியாக வியன்னாவுக்குப் போய்ச் சேர்ந்தார். மனநல மருத்துவமனையில் அண்ணனைப் பார்த்தார். எந்த உடல் மற்ற எல்லோருக்கும் அசைவைச் சொல்லிக்கொடுத்ததோ அது ஒரு நாற்காலியில் அசையாமல் இருந்தது. வாஸ்லாவ் 1950-இல் லண்டனில் இறக்கும்வரை மேடைக்குத் திரும்பவேயில்லை.

தங்கை டியாகிலெவிடம் திரும்பினார். இந்த முறை நடன அமைப்பாளராக. 1922-இல் ஸ்ட்ராவின்ஸ்கியின் 'நரி', அடுத்து 'கல்யாணம்'.

'கல்யாணம்' குறித்து நிதானமாகச் சொல்ல வேண்டும். ஸ்ட்ராவின்ஸ்கி 1914 வாக்கில் தொடங்கி, எந்த வாத்தியங்களுக்கு எழுதுவது என்று முடிவுசெய்ய முடியாமல் பல ஆண்டுகள் திண்டாடி, இறுதியில் நான்கு பியானோ, தாள வாத்தியங்கள், நான்கு பாடகர்கள், ஒரு பாடகர் குழு என்று 1923-இல் முடித்த இசைக்கோவை அது. பாடல் வரிகள் ருஷ்ய நாட்டார் திருமணப் பாடல்களிலிருந்து எடுத்துக் கோத்தவை. நான்கு காட்சிகள்: மணமகளின் வீட்டில் சடை பின்னுதல், மணமகனின் வீட்டில் ஆசி, மணமகள் புறப்படுதல், விருந்து. மொத்தமே அரை மணி நேரத்துக்குள்.

டியாகிலெவ் நிஜின்ஸ்காவை ஓவியர் நடாலியா கொன்சரோவாவின் அறைக்கு அழைத்துப்போய், ஏற்கெனவே வரைந்துவைத்திருந்த உடைகளைக் காட்டினார். செம்மையும் பொன்னும் பூவேலையுமாக, கனத்த பாவாடைகள், உயர்ந்த தலையணிகள், தாடிகள். பாரிஸ் மக்கள் ருஷ்ய பாலே என்றால் எதை எதிர்பார்த்துச் சீட்டு வாங்கினார்களோ அது. நிஜின்ஸ்கா, ஓவியங்கள் அழகாக இருக்கின்றன, இந்த இசைக்கு இவை ஆகாது என்று சொல்லிவிட்டார். அகதியாக வந்து வேலைக்குச் சேர்ந்திருந்த ஒரு பெண், அந்தக் குழுவின் முதலாளியிடம், அவருடைய மனத்துக்கு மிக நெருக்கமான ஒரு படைப்பைப் பற்றிச் சொன்னது இது. டியாகிலெவ் அந்தத் திட்டத்தையே அப்போதைக்கு ஒத்திவைத்தார். ஓராண்டு கழித்து அவரே திரும்ப வந்தார். கொன்சரோவாவும் எல்லாவற்றையும் துடைத்துவிட்டுப் புதிதாக வரைந்தார். பழுப்பும் வெள்ளையும் மட்டும். எல்லாப் பெண்களுக்கும் ஒரே உடை, எல்லா ஆண்களுக்கும் ஒரே உடை.

கிராமத்துத் திருமணம் என்றாலே கொண்டாட்டம் என்று நினைப்பவர்களோடு நிஜின்ஸ்காவுக்கு உடன்பாடில்லை. பெற்றோர் பேசி முடித்துவிட்ட ஒரு திருமணத்தில், அறியாத ஒரு வீட்டுக்கு, அறியாத ஒருவனோடு அனுப்பப்படும் பெண்ணுக்கு அங்கே என்ன களிப்பு இருக்க முடியும் என்பது அவருடைய கேள்வி. ஆகவே மணமகள் இதில் ஏறக்குறைய ஆடுவதே இல்லை. நிற்கிறாள், குனிகிறாள், கைகளில் தலையைத் தாங்கிக்கொள்கிறாள். ஆடுவது ஊர்.

முதல் காட்சி தொடங்கும்போது மணமகளின் சடை அளவுக்கு மீறி நீண்டிருக்கிறது. தோழிமார் கையில் பிடித்திருக்கும் அது கூந்தலைப் போல இல்லை, கயிற்றைப் போல இருக்கிறது. விரல்நுனியில் நின்று ஆடும் பாலேயின் அந்தப் பிரசித்தமான உத்தி, பெண்ணைப் பூமியிலிருந்து விடுவித்துத் தேவதையாக்குவதற்காகக் கண்டுபிடிக்கப்பட்டது. நிஜின்ஸ்கா அதையே எடுத்துத் தரையைக் குத்துவதற்குப் பயன்படுத்துகிறார். தோழிமாரின் கால்கள் ஊசிபோல இறங்கி இறங்கித் தைக்கின்றன. பிறகு அவர்கள் ஒருவர் தலைமீது ஒருவர் தலைவைத்துக் கோபுரமாக அடுக்கி நிற்கிறார்கள், அதன் உச்சியில் மணமகளின் முகம். பலியிடுவதற்கு முன்னால் உயரத்தில் ஏற்றிவைத்ததைப்போல. எங்களில் ஒருவர் அந்த இடத்தில் ஒளித்தட்டை நிறுத்தச் சொன்னார். பெண்ணை அனுப்பிவைக்கும்போது தாய் அழுவதை நாமும் நம் வீடுகளில் பார்த்தவர்கள்தாம். அந்த அழுகையும் சடங்கின் ஒரு பகுதி என்று நினைத்து நகர்ந்துவிடுகிறோம். இந்த நடனத்தில் மணமகள் போன பிறகு தாய் வெற்றுமேடையில் தனியே நிற்கிறாள், பாட்டு அவளுடையது. அப்போது அது சடங்காகத் தெரிவதில்லை.

'வசந்தச் சடங்கு'க்கு இது ஒரு பதில் என்று நாங்கள் நினைக்கிறோம். அங்கே ஊர் கூடி ஒரு பெண்ணைத் தேர்ந்து பலி கொடுக்கிறது. இங்கே ஊர் கூடி ஒரு பெண்ணுக்குத் திருமணம் செய்துவைக்கிறது. அங்கே அவள் தன்னந்தனியே வெறியோடு ஆடி மடிகிறாள். தன் உடலில் அமைக்கப்பட்டு, கருவுற்றதால் ஆடக் கிடைக்காமல் போன நடனம் அது. பத்து ஆண்டுகளுக்குப் பிறகு அதே இசைக்கலைஞரின் இன்னொரு சடங்கை எடுத்துக்கொண்ட நிஜின்ஸ்கா, நடுவில் இருக்கும் பெண்ணுக்குத் தனி நடனமே வைக்கவில்லை. இதை அவர் நினைத்துத்தான் செய்தார் என்று சொல்ல எங்களிடம் ஆதாரமில்லை. பார்ப்பவர்கள் இரண்டையும் அருகருகே வைத்துப் பார்க்கட்டும்.

1923 ஜூன் 13 அன்று பாரிஸில் அரங்கேறியது. பாரிஸ் ஏற்றுக்கொண்டது. ஆனால் புலம்பெயர்ந்த ருஷ்ய விமர்சகர் ஆந்திரே லெவின்சன், தனிமனிதரைக் கரைத்துவிட்டுக் கூட்டத்தை இயந்திரமாக்கும் மார்க்ஸிய நடனம் என்று தாக்கினார். (கீவ் நகரத்துப் பசியும் கூட்டமும் இதில் இல்லையென்று சொல்ல முடியாது, ஆனால் அவர் பார்த்த இடத்தில் அல்ல.) 1926-இல் லண்டன் சென்றபோது அங்கத்திய விமர்சகர்கள் மோசமாக எழுதினார்கள். அப்போது அதற்கு ஆதரவாக வெளிப்படையாகக் கடிதம் எழுதியவர் ஹெச். ஜி. வெல்ஸ். அறிவியல் புனைகதை எழுதியவருக்குப் புரிந்தது நடன விமர்சகர்களுக்குப் புரியவில்லை.

1924 அவருக்குப் பொழிந்த ஆண்டு. ஜனவரியில் மான்டி கார்லோவில் பூலாங்கின் இசைக்கு 'லெ பிஷ்': ஒரு பெரிய வீட்டு வரவேற்பறை, முத்துமாலையும் நீண்ட சிகரெட் குழலுமாக வயது கடந்த ஒரு சீமாட்டி, உடற்பயிற்சி வீரர்கள் மூவர், ஆணா பெண்ணா என்று தடுமாற வைக்கும் நீலச்சட்டைக்காரி. சீமாட்டியாக ஆடியவர் நிஜின்ஸ்காவே. 'கல்யாண'த்தைச் செய்த அதே கை இத்தனை மெல்லிய நையாண்டியையும் செய்தது என்பது எங்களுக்கு இன்னும் வியப்புத்தான். ஜூன் மாதம் 'நீல ரயில்': கதை காக்தோ, உடை ஷனெல், திரை பிக்காசோ, இசை மியோ. பெயர்களின் பட்டியலைப் படிக்கும்போது கிடைக்கிற கிளர்ச்சி, அதன் மறுஉருவாக்கத்தைப் பதிவில் பார்க்கும்போது எங்களுக்குக் கிடைக்கவில்லை. 1925-இன் தொடக்கத்தில் அவர் குழுவைவிட்டு விலகினார். அந்த இடத்துக்கு வந்தவர் ஜார்ஜ் பாலன்ஷைன் என்ற இளைஞர்.

1928-இல் இதா ரூபின்ஷ்டைன் என்ற செல்வச் சீமாட்டி பாரிஸில் தன்னை மையமாக வைத்து ஒரு குழு தொடங்கினார். அதற்காக ரவேலிடம் ஓர் இசைக்கோவை கேட்கப்பட்டது. நவம்பர் 22 அன்று பாரிஸ் ஓபராவில் அது அரங்கேறியது. ஒரு ஸ்பானிய மதுக்கடை, நடுவில் பெரிய மேசை, மேசைமீது ஒரு பெண், சுற்றிலும் ஆண்கள் நெருங்கி வர வர உயரும் இசை. 'பொலேரோ'. உலகத்தில் மிக அதிகமாக ஒலித்த மேலை இசைக்கோவைகளில் ஒன்றாகிவிட்டது அது. அது நடனத்துக்காக எழுதப்பட்டது என்பதும், முதலில் அதற்கு உருவம் கொடுத்தவர் நிஜின்ஸ்கா என்பதும் இசைத்தட்டு உறைகளில் எப்போதாவது ஒரு வரி. இசைக்குத் தாள் இருந்தது, தங்கிவிட்டது.

பாலன்ஷைனுக்கு ஒரு லிங்கன் கெர்ஸ்டைன் கிடைத்தார். அமெரிக்காவில் பள்ளியும் பிறகு குழுவும் அரங்கமும் பல பத்தாண்டுகள் ஒரே இடத்தில் பழகிய உடல்களும் கிடைத்தன. ஒரு நடன அமைப்பாளரின் கையெழுத்துப் பிரதிகள் என்பவை அந்த உடல்களே. நிஜின்ஸ்காவுக்கு அப்படி ஓர் இடம் வாய்க்கவேயில்லை. புவனோஸ் ஐரிஸ், பாரிஸ், ஹாலிவுட் என்று அழைத்த இடமெல்லாம் போனார்; 1932 முதல் இரண்டு ஆண்டுகள் சொந்தப் பெயரில் குழு வைத்தார்; பணமில்லாமல் கலைந்தது. 1935-இல் மாக்ஸ் ரெய்ன்ஹார்ட்டின் 'நடுவேனிற் கனவு' திரைப்படத்துக்கு நடனம் அமைத்தார். அதே ஆண்டில் ஒரு கார் விபத்து: மகன் லியோன் இறந்தான், மகள் இரினா பலத்த காயத்தோடு பிழைத்தாள். கீவில் துப்பாக்கிச் சத்தத்துக்கு நடுவே பிறந்து, எல்லை தாண்டித் தூக்கிவரப்பட்ட பிள்ளை. 1937-இல் போலந்து பாலேக் குழுவுக்காக அவர் அமைத்தவை பாரிஸ் கண்காட்சியில் பெரும்பரிசு பெற்றன. இரண்டே ஆண்டுகளில் போர்.

அமெரிக்காவில் குடியேறி லாஸ் ஏஞ்சலிஸில் பள்ளி நடத்தினார். ஆங்கிலம் அவருக்குக் கைவரவில்லை. காது ஏற்கெனவே மந்தம். கீவ் மாணவராக இருந்து பின்னர் இரண்டாவது கணவரான நிக்கொலாய் சிங்காயெவ்ஸ்கி பக்கத்தில் நின்று மொழிபெயர்ப்பார். அந்த வகுப்பில் நின்ற சிறுமிகளில் ஒருத்தி மரியா டால்சீஃப். ஓசேஜ் பழங்குடியில் பிறந்து அமெரிக்காவின் முதல் பெரிய பாலே நட்சத்திரமானவர், தன்னை நடனத்தில் ஆழ ஊன்றியவர் நிஜின்ஸ்காதான் என்று சொன்னவர். ஊமை நாடகத்தைப் போல ஒரு வகுப்பு. செவி குறைந்த ஓர் ஆசிரியை, மொழி தெரியாத மாணவிகள், நடுவில் ஒரு மொழிபெயர்ப்பாளர். கற்பிக்கப்பட்டது மட்டும் உடலிலிருந்து உடலுக்கு நேராகப் போயிற்று.

இந்த இடத்தில் எங்கள் நால்வருக்குள் ஒரு வாக்குவாதம் நடந்தது. அழிந்துபோன நூல்களைப் பற்றி நாம் நிறையப் புலம்பியிருக்கிறோம். ஏடு ஒன்று எங்கேனும் பரண்மேல் கிடக்கும் என்ற நம்பிக்கையாவது அதில் உண்டு. ஆடியவர்கள் மூப்படைந்து இறந்துபோனால் நடனத்துக்குப் பரணே இல்லையே என்றார் ஒருவர். நடனத்துக்குக் குறியீட்டு முறைகள் உண்டு என்றார் மற்றவர். உண்டு. ஆனால் பணமும் நிலைத்த குழுவும் இருக்கும் இடத்தில்தான் யாரோ ஒருவர் உட்கார்ந்து குறித்துக்கொள்கிறார். நாடு நாடாகப் பெட்டி தூக்கியவருக்கு யார் குறிப்பெடுப்பார்கள்? வாக்குவாதம் அத்தோடு நின்றது.

'கல்யாணம்' பிழைத்த கதை இதற்குச் சாட்சி. 1928-இல் ரூபின்ஷ்டைன் குழுவில் பின்வரிசையில் ஆடிய ஓர் ஆங்கிலேய இளைஞர் ஒத்திகைகளில் நிஜின்ஸ்காவைக் கண்கொட்டாமல் பார்த்துக்கொண்டிருந்தார். பெயர் ஃபிரடெரிக் ஆஷ்டன். 1963-இல் அவர் லண்டன் ராயல் பாலேயின் இயக்குநரானார். ஆனதும் செய்த காரியங்களில் ஒன்று, உலகம் ஏறக்குறைய மறந்துவிட்டிருந்த தன் பழைய ஆசிரியைக்கு அழைப்பு அனுப்பியது. 1964 டிசம்பரில் 'லெ பிஷ்', 1966 மார்ச் 23 அன்று 'கல்யாணம்'. 75 வயது நிஜின்ஸ்கா நேரில் நின்று ஒத்திகை நடத்தினார். அரங்கேறியபோது அதற்கு 43 வயது. பழமையாகத் தெரியவில்லை என்று எழுதினார்கள். நாங்கள் ஒளித்தட்டில் பார்த்ததும் அந்தக் குழுவின் ஆட்டம்தான். பின்வரிசையில் நின்ற ஒருவர் நினைவு வைத்திராவிட்டால், அவர் பின்னாளில் முன்வரிசைக்கு வந்திராவிட்டால், அவர் வரும்வரை இந்த அம்மையார் உயிரோடு இருந்திராவிட்டால் என்று மூன்று நிபந்தனைகள். மூன்றும் நிறைவேறின. மற்ற ஐம்பது சொச்சம் பாலேக்களுக்கு நிறைவேறவில்லை.

நிஜின்ஸ்கா 1972 பிப்ரவரியில் கலிஃபோர்னியாவில் காலமானார். எஞ்சியவற்றைப் பிற குழுக்களுக்குச் சொல்லிக்கொடுக்கும் வேலையை மகள் இரினா 1991-இல் தான் இறக்கும்வரை செய்தார். 2003-இல் 'கல்யாணம்' பீட்டர்ஸ்பர்க்கின் மரின்ஸ்கி அரங்குக்கும் வந்து சேர்ந்தது.

அவர் எழுதிவைத்த நினைவுக்குறிப்புகளை இரினாவும் ஜீன் ராலின்சனும் சேர்ந்து 1981-இல் ஆங்கிலத்தில் வெளியிட்டார்கள். தடித்த நூல். பிறப்பு முதல் ஒவ்வொரு வீட்டையும் ஒவ்வொரு ஒத்திகையையும் அத்தனை துல்லியமாகச் சொல்கிறது. அண்ணன் தாவும்போது எந்தத் தசை எப்படி வேலைசெய்தது என்பதைத் தெரிந்துகொள்ள இதைவிட நல்ல நூல் இல்லை. 1914-இல் நின்றுவிடுகிறது. கீவ் இல்லை, 'கல்யாணம்' இல்லை, 'பொலேரோ' இல்லை. அவர் நடனம் அமைக்கத் தொடங்கும் இடத்துக்கு முன்னாலேயே புத்தகம் முடிகிறது; அண்ணனைப் பற்றி எழுதுகிறவர்கள் ஆளாளுக்கு மேற்கோள் காட்டுவதும் இதையே. அவருடைய மற்றத் தாள்கள், நாட்குறிப்புகள், வரைபடங்கள் எல்லாம் வாஷிங்டனில் காங்கிரஸ் நூலகத்தில் இருக்கின்றன. அவற்றுள் புகுந்து பல ஆண்டுகள் உழைத்து லின் கராஃபோலா எழுதிய முழு வாழ்க்கை வரலாறு 2022-இல்தான் வெளிவந்தது.

அந்த நூலைத்தான் இப்போது நாங்கள் கைமாற்றிப் படித்து வருகிறோம். 1934-க்கு வந்திருக்கிறோம். பாரிஸில் சொந்தக் குழு மூடப்படும் தறுவாயில், லிஸ்ட்டின் இசைக்கு 'ஹாம்லெட்' அமைத்து, தந்தையை இழந்த அந்த இளவரசனாக நாற்பத்து மூன்று வயதில் தானே ஆடுகிறார். அவர் எந்தப் பக்கத்திலிருந்து மேடைக்கு வந்தார், ஆவியைக் கண்ட இடத்தில் கைகளை என்ன செய்தார் என்பதை இன்று ஆடிக்காட்ட ஒருவரும் இல்லை.